அண்டியா, கொட்டையா, பருப்பா?

கேள்வி: களியக்காவிளைக்குப் பக்கத்தில் வீட்டிலேயே கேக் செய்து விற்கிறேன். இந்தக் கிறிஸ்துமஸுக்கு ஹேசல்நட் சாக்லேட் கேக் புதிதாகத் தொடங்கியிருக்கிறேன். வாடிக்கையாளர்களில் பாதிப் பேர் பாறசாலை, நெய்யாற்றின்கரைக்காரர்கள். அதனால் பெட்டியில் ஒட்டும் சீட்டை இங்கிலீஷ், தமிழ், மலையாளம் மூன்றிலும் அடிக்க நினைக்கிறேன். ஹேசல்நட்டுக்குத் தமிழில் என்ன போடுவது? போனில் தேடினால் ‘பழுப்பு நிறக் கொட்டை’ என்று வருகிறது. தம்பி ‘சீமையண்டி’ என்று போடச் சொல்கிறான். அம்மாவோ, ‘அண்டிப்பருப்பா, கப்பலண்டியா, ஒழுங்காச் சொல்லு மக்ளே’ என்கிறாள், அதாவது முந்திரியா, நிலக்கடலையா என்று. போன வாரம் ஒரு அக்கா, ‘பிள்ளைக்கு நட் ஆகாது, இதில் நட் உண்டா?’ என்று கேட்டார். ‘அண்டிப்பருப்பு இல்லை’ என்று சொல்லிக் கேக்கைக் கொடுத்துவிட்டேன். ஒன்றும் ஆகவில்லை என்று தெரிந்தது. ஆனாலும் மனசு கேட்கவில்லை. இன்னும் இரண்டு சந்தேகம்: ஒரு ரெசிபியில் ‘நுவாசெத் பட்டர்’ என்று இருக்கிறது, அது ஹேசல்நட் வெண்ணெயா? வெளிநாட்டு நர்ஸ் வேலைக்கு மகள் நிரப்பும் படிவத்தில் கண் நிறத்துக்கு ‘ஹேசல்’ என்று ஒரு கட்டம் இருக்கிறது. அது என்ன நிறம்?

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

சீட்டு கொஞ்சம் பொறுக்கட்டும். முதலில் அந்த அக்காவுக்கு ஒரு போன் போடுங்கள். ‘அண்டிப்பருப்பு இல்லை என்று சொன்னேன், அது உண்மைதான். ஆனால் கேக்கில் ஹேசல்நட் இருக்கிறது, அதுவும் நட்தான்’ என்று சொல்லிவிடுங்கள். மிச்சத் துண்டு அவர் வீட்டு ஃபிரிட்ஜில் இன்னும் இருக்கலாம். பிள்ளைக்கு எந்த நட் ஆகாது, டாக்டர் எதையெல்லாம் விலக்கச் சொன்னார் என்று கேட்டு எழுதி வைத்துக்கொள்ளுங்கள். இந்த முறை ஒன்றும் ஆகவில்லை என்பதை வைத்து அடுத்த முறையும் அப்படியே இருக்கும் என்று எடுத்துக்கொள்ள முடியாது.

நான் டாக்டர் இல்லை. இருபது வருடத்துக்கும் மேலாகப் பிஸ்கட் பாக்கெட்டின் பின்பக்கம், மருந்துப் பெட்டிக்குள் மடித்து வைக்கும் தாள், ஷாம்பு பாட்டிலின் விளக்கம், ஹோட்டல் மெனு என்று பொடி எழுத்துகளைத் தமிழாக்கிச் சாப்பிடுகிறவன். மார்த்தாண்டத்தில் இருந்துகொண்டு தமிழுக்கும் மலையாளத்துக்கும் நடுவே அல்லாடுகிறவன் என்பதால் உங்கள் அம்மாவின் கேள்வி எனக்கு நன்றாகவே புரிகிறது. சொல்லப்போனால் நீங்கள் எழுதியதிலேயே சரியான கேள்வி அதுதான்.

உங்களுக்கும் அந்த அக்காவுக்கும் நடுவில் நடந்ததைப் பாருங்கள். அவர் கேட்டது ‘நட்’. நீங்கள் கேட்டுக்கொண்டது ‘அண்டி’. நம் பக்கத்தில் நட் என்றாலே முதலில் நினைவுக்கு வருவது கொல்லாமரத்து அண்டிதான். ஊருக்கு ஊர் முந்திரி உடைக்கும் அண்டி ஆபீஸ் இருந்த மண்ணில் வேறு எது வரும்? நீங்கள் பொய் சொல்லவில்லை. ஆனால் இங்கிலீஷில் ‘நட்’ என்ற ஒரு சொல்லுக்குள் அண்டிப்பருப்பு, பாதாம், பிஸ்தா, வால்நட், ஹேசல்நட் எல்லாம் ஒரே கூடையில் கிடக்கின்றன. தமிழில் அப்படி ஒரு கூடை கிடையாது. நமக்கு ஓட்டோடு இருந்தால் கொட்டை, உடைத்து எடுத்தால் பருப்பு. புளியங்கொட்டையும் கொட்டைதான், மாங்கொட்டையும் கொட்டைதான், காப்பிக்கொட்டையும் கொட்டைதான். ‘கொட்டை ஆகாது’ என்று ஒருவர் சொன்னால் எதைச் சொல்கிறார் என்று நமக்குப் பிடிபடாது.

இதில் ஒரு வேடிக்கை. செடிநூல்காரர்களிடம் கேட்டால், அந்தக் கூடையிலேயே அசல் நட் ஹேசல்நட்தான் என்பார்கள். கெட்டியான ஓடே கனியின் சுவர், தானாக வெடிக்காது, உள்ளே ஒற்றை விதை. அண்டி, பாதாம், பிஸ்தா மூன்றும் சதைக்கனி வகையின் விதைகள். நிலக்கடலையோ பயறு, உளுந்தின் சொந்தக்காரன். ஆனால் அலர்ஜிக்கு இந்த வகைப்பாடு எதுவும் கணக்கில்லை. அங்கே குடும்பம்தான் கணக்கு. அண்டியும் பிஸ்தாவும் ஒரே குடும்பம், மாமரமும் அதே குடும்பம். அண்டி ஆகாதவருக்குப் பிஸ்தாவும் ஆகாமல் போவது சகஜம். ஹேசல்நட் பிர்ச் என்ற குளிர்நாட்டு மரத்தின் குடும்பம். அதனால் அண்டி ஆகாத ஒருவருக்கு ஹேசல்நட் ஒத்துக்கொள்ளலாம், ஒத்துக்கொள்ளாமலும் போகலாம். பல டாக்டர்கள் வம்பே வேண்டாம் என்று எல்லா நட்டையும் விலக்கச் சொல்லிவிடுவார்கள். இதில் தீர்ப்பு சொல்வது கேக்காரர் வேலையும் இல்லை, மொழிபெயர்ப்பாளர் வேலையும் இல்லை. நம் வேலை, உள்ளே இருக்கிற ஒவ்வொன்றையும் அதனதன் பெயரால் சொல்வது. உதடு வீங்குவது, உடம்பெல்லாம் தடிப்பது, மூச்சு இரைப்பது என்று யாராவது போன் செய்தால், ‘உடனே ஆஸ்பத்திரிக்குப் போங்கள்’ என்பதைத் தவிர வேறு வைத்தியம் எதுவும் சொல்லாதீர்கள்.

இன்னொன்று, மிக்ஸி ஜார். அண்டிப்பருப்பு அரைத்த ஜாரிலேயே ஹேசல்நட்டையும் அரைக்கிறீர்கள் என்றால் ‘அண்டிப்பருப்பு இல்லை’ என்ற வாக்கியமும் முழு உண்மை இல்லை.

சரி, சீட்டுக்கு வருவோம்.

‘பழுப்பு நிறக் கொட்டை’ வேண்டாம். அது பெயர் இல்லை, அங்க அடையாளம். புளியங்கொட்டையும் பழுப்புதான், பலாக்கொட்டையும் பழுப்புதான். எப்படி வந்தது என்று ஊகிக்க முடிகிறது: ‘ஹேசல்’ என்பதற்கு நிறம் என்று ஒரு பொருள் உண்டு. அதைத் தனியே மொழிபெயர்த்து, ‘நட்’டைத் தனியே மொழிபெயர்த்து, இரண்டையும் ஒட்டிவிட்டிருக்கிறார்கள். நடந்ததோ தலைகீழ். ஹேசல் முதலில் மரத்தின் பெயர். அந்த மரத்துக் கொட்டையின் நிறம்தான் பிறகு ஹேசல் நிறம் ஆனது. ஆரஞ்சுப் பழத்தை ‘காவி நிறப் பழம்’ என்று எழுதினால் எப்படியோ அப்படித்தான் இதுவும்.

தம்பியின் ‘சீமையண்டி’ அழகான சொல். உள்ளபடியே எனக்குப் பிடித்திருக்கிறது. கப்பலில் வந்திறங்கிய கொட்டைகளுக்கு நம் முன்னோர் இப்படித்தான் பெயர் வைத்தார்கள். போர்ச்சுக்கீசியர் பிரேசிலிலிருந்து கொண்டுவந்ததற்குப் பறங்கியண்டி. நிலக்கடலைக்குக் கப்பலண்டி. அதே கடலை விழுப்புரம், கடலூர்ப் பக்கம் போனால் மணிலாக்கொட்டை, அதுவும் வாயில் தேய்ந்து மல்லாட்டை. அந்த வரிசையில் சீமையண்டி அச்சாகப் பொருந்துகிறது. ஆனால் அந்தப் பெயர்களெல்லாம் தலைமுறை தலைமுறையாகச் சந்தையில் புழங்கிப் புழங்கி நிலைத்தவை. ‘கப்பலண்டி’ என்று கூவும்போது கூடையில் என்ன இருக்கிறது என்று எல்லோருக்கும் தெரியும். உங்கள் சீட்டிலோ சொல் புதுசு, பண்டமும் புதுசு. ‘சீமையண்டி’ என்று படிக்கிறவர் அதை வெளிநாட்டு அண்டிப்பருப்பு என்றே எடுத்துக்கொள்வார். அண்டி ஒத்துக்கொள்ளும், ஹேசல்நட் ஆகாது என்கிற ஒருவர் தைரியமாக வாங்கிச் சாப்பிட்டுவிடுவார். வீட்டில் பேச்சுக்கு வைத்துக்கொள்ளுங்கள், பெட்டியில் வேண்டாம்.

அப்புறம் நாகரிகமாகச் சொல்ல முடியாத ஒரு காரணமும் இருக்கிறது. ‘கொட்டை’க்குத் தமிழிலும் ‘அண்டி’க்கு மலையாளத்திலும் பையன்கள் சிரிக்கிற இன்னொரு அர்த்தம் உண்டு. இங்கிலீஷ் ‘நட்ஸு’க்கும் அதே கதிதான். முந்திரிக்கொட்டை, அண்டிப்பருப்பு என்று பழகிய ஜோடியாக வரும்போது யாரும் சிரிப்பதில்லை. முன்பின் கேள்விப்படாத அடைமொழியோடு வந்தால் உங்கள் சீட்டு போன் போனாகச் சுற்றிவிடும். விளம்பரம்தான் என்றாலும் அந்த மாதிரி விளம்பரம் வேண்டாம்.

நான் போடச் சொல்வது ‘ஹேசல்நட் பருப்பு’. இந்தியக் கடைகளில் ஹேசல்நட் பெரும்பாலும் ஓடு நீக்கித்தான் வருகிறது, நீங்களும் அப்படித்தான் வாங்குவீர்கள். ஆகவே அது பருப்பு. இந்தப் ‘பருப்பு’ என்ற வாலைச் சும்மா ஒட்டவில்லை. ஹேசல்நட் காப்பி, ஹேசல்நட் சிரப், ஹேசல்நட் எசென்ஸ் என்று வருகிறவற்றில் பலதிலும் அந்தக் கொட்டை துளிகூட இருக்காது. வறுத்த ஹேசல்நட்டின் மணத்துக்கு முக்கியக் காரணமான சேர்மம் ஒன்று உண்டு, ஃபில்பர்டோன் என்று பெயர். அதை ஆலையிலேயே செய்து சேர்த்துவிடலாம். ஆக, ‘ஹேசல்நட்’ என்று மொட்டையாகப் போட்டால் அது பண்டமா மணமா என்று தெரியாது. கேக்குக்குள் பருப்பு இருந்தால் ‘ஹேசல்நட் பருப்பு’, சிரப் மட்டும் ஊற்றினால் ‘ஹேசல்நட் மணம்’. சிரப் பாட்டிலின் பின்பக்கத்தைப் படித்து, நட் உண்டா இல்லையா என்று உறுதி செய்துவிட்டே எழுதுங்கள். சாக்லேட் ஸ்ப்ரெட் என்றால் இன்னும் கவனம் வேண்டும். நுடெல்லாவில் ஹேசல்நட் 13 சதவீதம்தான். மிச்சம் பெரும்பாலும் சர்க்கரையும் எண்ணெயும், கூடவே பால்பொடியும் உண்டு. பால் ஆகாதவர் ஒருவர் ‘நட்தானே’ என்று நம்பி வாங்கக்கூடும்.

எழுத்துக்கூட்டலில் ஒன்றைப் பிடித்துக்கொள்ளுங்கள். ஹேசல்நட், ஹேஸல்நட், ஹேசல் நட், ஹாசல்நட் என்று நாலு விதமாகவும் பார்த்திருக்கிறேன். எது சரி என்று சண்டை போட மாட்டேன். ஆனால் பெட்டியில் ஒன்று, பில்லில் ஒன்று, வாட்ஸ்அப் மெனுவில் ஒன்று என்று இருக்கக் கூடாது.

மலையாளத்துக்கும் ஹேசல்நட்டேதான். அவர்களும் அப்படியேதான் எழுதுகிறார்கள், கடைசியில் ‘ட்’டை இரட்டித்து. அங்கே உங்களுக்குச் சிக்கல் ஹேசல்நட்டால் வராது, முந்திரியால் வரும். அச்சுக்கடைப் பையன் தமிழ்ச் சீட்டை வைத்துக்கொண்டு எழுத்துக்கு எழுத்து மலையாளமாக மாற்றிவிடுவான். ‘முந்திரி’ என்பது அப்படியே மலையாளத்துக்குப் போனால் திராட்சை ஆகிவிடும். உலர்ந்த திராட்சைக்கு அங்கே உணக்கமுந்திரி. நம் பக்கத்துப் பெரியவர்களே முந்திரிப்பழம் என்றால் திராட்சையைத்தான் சொல்வார்கள். பழைய தமிழிலும் கொடிமுந்திரி என்றால் திராட்சைக்கொடி. நெய்யாற்றின்கரைக்காரர் ‘முந்திரி கேக்’ என்று படித்துப் பிளம் கேக் என்று நினைத்து வாங்கிப்போவார், உள்ளே அண்டிப்பருப்பு இருக்கும். ஆகவே மலையாளத்தில் ‘கசுவண்டி’ அல்லது ‘அண்டிப்பரிப்பு’. தமிழில் ‘முந்திரிப்பருப்பு’ என்று போட்டு, நம் ஊர்க்காரர்களுக்காகப் பக்கத்தில் ‘அண்டிப்பருப்பு’ என்றும் சேர்த்துவிடுங்கள்.

பாதாமுக்கும் இதே பாடுதான். நம் பள்ளிக்கூட முற்றங்களில் அகல இலையோடு நிற்கும் மரத்தைக் கேரளத்தில் பலரும் பதாம் என்பார்கள். அது நாட்டு வாதுமை, கடையில் விற்கும் பாதாம் வேறு. இன்னும் சில தமிழ்ச் சீட்டுகளில் ‘வாதுமைக்கொட்டை’ என்று போட்டு வால்நட்டை விற்கிறார்கள். எனக்கு வந்த வேலைகளிலேயே ஒரு சீட்டில் வாதுமை என்றால் பாதாம், இன்னொன்றில் வால்நட். இரண்டையும் ஒரே கடையில் அடுத்தடுத்த அலமாரியில் பார்த்த அன்றைக்குத்தான், பெயரைத் தமிழாக்கும் ஆசையை நட் விஷயத்தில் விட்டேன். பாதாம், பிஸ்தா, வால்நட், ஹேசல்நட். கடைக்காரர் என்ன சொல்லி எடுத்துத் தருகிறாரோ அதுவே போதும்.

சட்டம் என்ன கேட்கிறது என்றும் சொல்லிவிடுகிறேன். 2020ஆம் ஆண்டின் உணவுச் சீட்டு விதிகளின்படி, பொட்டலத்தில் வேண்டிய விவரங்கள் இங்கிலீஷில் அல்லது தேவநாகரி எழுத்து ஹிந்தியில் இருக்க வேண்டும். கூடவே மற்ற மொழிகளும் இருக்கலாம். ஆகவே தமிழும் மலையாளமும் நீங்கள் கூடுதலாகச் செய்கிற மரியாதை, இங்கிலீஷை எடுத்துவிடாதீர்கள். அலர்ஜி தரக்கூடியவற்றைத் தனியாகச் சொல்ல வேண்டும் என்பதும் அதே விதிகளில் இருக்கிறது: குளூட்டன் உள்ள தானியம், பால், முட்டை, மீன், இறால் நண்டு வகை, நிலக்கடலை, மர நட்கள், சோயா, குறிப்பிட்ட அளவுக்கு மேல் சல்ஃபைட். உங்கள் கேக்குக்கு இப்படி எழுதலாம்: ‘இதில் உள்ளவை: கோதுமை, முட்டை, பால், ஹேசல்நட் பருப்பு, சோயா. முந்திரிப்பருப்பு (அண்டிப்பருப்பு) கையாளும் சமையலறையில் செய்தது.’ சோயா எதற்கு என்று கேட்பீர்கள். சாக்லேட்டில் சோயா லெசித்தின் இருந்தால் போட வேண்டும், உங்கள் சாக்லேட்டின் பின்பக்கத்தைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

அம்மாவுக்கு என்ன சொல்வது? ‘அண்டியும் இல்லை, கப்பலண்டியும் இல்லை. குளிர்நாட்டு மரத்துக் கொட்டை, அண்டிப்பருப்பு போலப் பிறை வடிவில் இல்லாமல் கொண்டைக்கடலையைவிடக் கொஞ்சம் பெரிதாக உருண்டையாக இருக்கும்’ என்று சொல்லி, கையில் நாலைக் கொடுத்துவிடுங்கள். நம் மண்ணில் அது காய்க்காது. குளிர்காலத்தில் பல நூறு மணி நேரம் 7 டிகிரிக்குக் கீழே குளிர் பட்டால்தான் அந்த மரம் ஒழுங்காகத் துளிர் விடும். மார்த்தாண்டத்தில் 20 டிகிரிக்கு இறங்கினாலே நாம் மப்ளர் கட்டிக்கொள்கிறோம். இந்தியாவில் இமயமலைப் பக்கம் இதன் பங்காளி மரம் உண்டு. இமாசலத்தின் பாங்கிப் பள்ளத்தாக்கில் அந்தக் கொட்டைக்குத் தாங்கி என்று பெயர். ஆனால் கடைக்கு வருவது பெரும்பாலும் வெளிநாட்டுச் சரக்குதான். உலகத்தில் விளைவதில் பாதிக்கு மேல் துருக்கியின் கருங்கடல் கரையிலிருந்து வருகிறது, ஓர்து, கிரேசுன் என்ற ஊர்கள் அதற்குப் பேர்போனவை.

இந்தக் கருங்கடலில்தான் எனக்குப் பிடித்த கதை தொடங்குகிறது. உங்கள் வீட்டிலோ பக்கத்து வீட்டிலோ கல்ஃபுக்குப் போய் வந்தவர் ஒருவராவது இருப்பார். அவர் கொண்டுவரும் சாக்லேட் உறையில் அரபியில் ‘புந்துக்’ என்று இருக்கும், அதுதான் ஹேசல்நட். கிரேக்கர்கள் கருங்கடலைப் பொந்தோஸ் என்றார்கள், அங்கிருந்து வந்த கொட்டை பொந்திக் கொட்டை. அதுவே அரபியில் புந்துக், பாரசீகத்தில் ஃபந்துக், துருக்கியில் ஃபிந்திக் ஆனது. நம்மவர்கள் மணிலாக்கொட்டை என்று ஊரை வைத்துக் கூப்பிட்ட மாதிரிதான் அவர்களும் கூப்பிட்டிருக்கிறார்கள். கல்ஃபுக்காரர்களுக்கு ஓர் எச்சரிக்கை: ‘புந்துக்’ கொட்டை, ‘ஃபுந்துக்’ ஹோட்டல். உதடு கொஞ்சம் பிசகினால் டாக்ஸிக்காரர் உங்களைத் தங்குமிடத்தில் கொண்டுபோய் இறக்கிவிடுவார்.

புந்துக் அதோடு நிற்கவில்லை. கவணிலும் வில்லிலும் வைத்து அடிக்கும் சின்ன உருண்டைக்கு அந்தப் பெயர் போனது, ஏனென்றால் அந்த உருண்டை கொட்டை அளவு இருந்தது. உருண்டையிலிருந்து குண்டு, குண்டிலிருந்து அதைச் சுடும் கருவி. அரபியில் புந்துகிய்யா, ஹிந்தியில் பந்தூக். ஹிந்திப் படத்தில் வில்லன் நீட்டும் பந்தூக்கின் பூர்வீகம் உங்கள் கேக்கின் மேலே அழகாக உட்கார்ந்திருக்கும் கொட்டை. தமிழுக்கு அந்த வழியில் வரவில்லை. நமக்குத் துப்பாக்கி துருக்கிச் சொல்லிலிருந்து வேறு பாதையில் வந்தது.

ஐரோப்பாவில் இதற்கு வேறு வேறு பெயர்கள். இங்கிலீஷில் ஃபில்பர்ட் என்றும் உண்டு, பழைய ரெசிபிகளில் பார்த்தால் பயந்துவிடாதீர்கள், அதே கொட்டைதான். புனித ஃபிலிபெர்ட்டின் திருநாள் ஆகஸ்ட் 20. அந்தச் சமயத்தில் கொட்டை முற்றும் என்பதால் அவர் பெயர் ஒட்டிக்கொண்டது. கிறிஸ்துமஸ் ஸ்டார், ஈஸ்டர் லில்லி என்று சொல்கிற நமக்கு இது அதிசயமில்லை. ஸ்பானியர்கள் அவெல்யானா என்பது இத்தாலியில் நேப்பிள்ஸுக்குப் பக்கத்திலுள்ள அவெல்லா என்ற ஊரால் வந்த பெயர். மறுபடியும் ஊர்ப்பெயர்தான். ‘விட்ச் ஹேசல்’ என்று முகத்துக்குத் தடவும் டோனர் விற்கிறதே, அது வேறு செடி, இந்தக் கொட்டைக்கும் அதற்கும் உறவில்லை. நட் ஆகாத வீட்டில் அதைப் பார்த்து யாராவது பதறினால் சொல்லிவிடுங்கள்.

சாக்லேட்டோடு ஹேசல்நட் சேர்ந்தது இத்தாலியின் டூரினில். 1806இல் நெப்போலியன் பிரிட்டிஷ் வியாபாரத்தைத் தடுத்ததால் கொக்கோவுக்குத் தட்டுப்பாடு வந்தது, இருந்த கொக்கோவை நீட்ட உள்ளூர் ஹேசல்நட்டை அரைத்துச் சேர்த்தார்கள் என்பது அங்கே சொல்லப்படும் கதை. அந்தக் கலவைக்கு ஜியாந்துயா என்று பெயர். இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு அதே பக்கத்தில் ஆல்பா என்ற ஊரில் ஃபெரேரோ குடும்பம் அதே உத்தியைக் கையில் எடுத்தது, 1964இல் நுடெல்லா வந்தது. காப்பிப்பொடிக்கு நாம் சிக்கரி கலந்து, பிறகு அந்த ருசிக்கே பழகிப்போன மாதிரி.

இனி நுவாசெத். பிரெஞ்சில் ஹேசல்நட்டுக்கு அதுதான் பெயர், ‘குட்டிக் கொட்டை’ என்று பொருள். ஆனால் நுவாசெத் பட்டரில் கொட்டை கிடையாது! வெண்ணெயை உருக்கி, அடியில் படியும் பால்கசடு பொன்னிறமாகச் சிவந்து, வறுத்த கொட்டை வாசம் வரும்போது இறக்குவது அது. நீங்கள் வீட்டில் நெய் உருக்கும்போது முருங்கைக்கீரை போடுவதற்குச் சற்று முன்னால் ஒரு மணம் வருமே, கிட்டத்தட்ட அதே இடம். அதைத் தாண்டினால் கருகிவிடும். நெய்யாக வடிகட்டாமல் கசடோடு சேர்த்தே பயன்படுத்துங்கள், ருசி அந்தக் கசடில்தான் இருக்கிறது.

இது எனக்கு எப்படித் தெரியும் என்றால், தப்பு செய்துதான். வேலைக்கு வந்த புதிதில் ஒரு ஹோட்டல் மெனுவில் இதையே ‘ஹேசல்நட் வெண்ணெயில் பொரித்த மீன்’ என்று எழுதிக் கொடுத்தேன். அச்சடித்து மேசையில் வைத்த பிறகு செஃப் கூப்பிட்டு, ‘சார், இதுல நட்டே கிடையாதே, நாலு பேர் பயந்துபோய் வேண்டாங்கறாங்க’ என்றார். மெனுவைத் திரும்ப அடித்த செலவு என் கூலியில் கழிந்தது. பிரான்சில் காப்பிக்கடையில் ‘நுவாசெத்’ என்று கேட்டாலும் கொட்டை வராது, துளிப் பால் விட்ட காப்பி வரும், நிறத்துக்காக அந்தப் பெயர். ஆட்டுக்கறியில் எலும்பில்லாத சின்ன உருண்டைத் துண்டுக்கும் அதே பெயர்.

இந்தச் சொல் அளவாகவும் வரும். ஐரோப்பிய முகக்கிரீம்களில் ‘ஹேசல்நட் அளவு எடுத்துத் தடவவும்’ என்று போட்டிருக்கும். முதல் தடவை நானும் ‘ஹேசல்நட் அளவு’ என்றே எழுதினேன். அந்தக் கொட்டையைக் கண்ணால் பார்த்திராத ஒருவர் கிரீமை எவ்வளவு பிதுக்குவார்? நம் வைத்தியர்கள் சுண்டைக்காய் அளவு, கழற்சிக்காய் அளவு, நெல்லிக்காய் அளவு என்று வரிசையாக வைத்திருக்கிறார்கள். சுண்டைக்காய் கொஞ்சம் சிறிது, நெல்லிக்காய் பெரிது. கழற்சிக்காய் கச்சிதம், உள்ளே இருக்கும் சாம்பல் நிறக் கொட்டையைச் சொல்கிறேன். இப்போது அப்படித்தான் எழுதுகிறேன். கழற்சி தெரியாத இளசுகள் பெருகிவிட்டார்கள் என்று ஒரு கம்பெனிக்காரர் முனகினார். ‘கோலிக்குண்டு அளவு’ என்று மாற்றிக் கொடுத்தேன்.

ஆக, ஹேசல்நட் என்று எதிரே வந்தால் அது சாப்பிடும் பண்டமா, வெறும் மணமா, நிறமா, அளவா என்று முதலில் பார்த்துக்கொள்வது என் வழக்கம். பண்டமாக இருந்தால் பெயரைத் தொடவே மாட்டேன். மற்ற மூன்றிலும் அந்தக் கொட்டை தமிழில் தலைகாட்ட வேண்டிய அவசியமே இல்லை.

நீங்கள் கேட்காத ஒன்று, கேக்காரருக்காக. ஹேசல்நட்டை 160 டிகிரியில் 12 முதல் 15 நிமிடம் வறுத்து, சூட்டோடு துண்டில் போட்டுக் கசக்கினால் மேல்தோல் உதிரும். அந்தத் தோல் கசக்கும். பருப்பில் ஏறக்குறைய 60 சதவீதம் கொழுப்பு, அண்டிப்பருப்பைவிட எண்ணெய் அதிகம். நம் ஊர் ஈரக் காற்றில் திறந்து வைத்தால் சீக்கிரம் காறல் வாடை அடித்துவிடும். திருவனந்தபுரம் சாலைக் கம்போளத்தில் மலிவாகக் கிடைக்கிறதே என்று கிறிஸ்துமஸுக்கு வேண்டியதை இப்போதே மொத்தமாக வாங்கி அடுக்கில் வைக்காதீர்கள். வாங்கும்போது ஒன்றைக் கடித்துப் பாருங்கள், மிச்சத்தைக் காற்றுப் புகாத டப்பாவில் ஃபிரிட்ஜில் வையுங்கள்.

கடைசியாக மகளின் படிவம். ஹேசல் கண் என்றால் பழுப்பும் பச்சையும் கலந்த கண். வெளிச்சத்துக்கு ஏற்ப ஒருசமயம் பச்சையாகவும் ஒருசமயம் தேன் நிறமாகவும் தெரியும். நாம் பூனைக்கண் என்று சொல்வோமே, அதில் ஒரு வகை. நம் பக்கம் ஹேசல் என்று பெயர் வைத்த டீச்சர்கள் உண்டு, அந்தக் கண் உள்ளவர்கள் அபூர்வம். மகளுக்குக் கண் என்ன நிறம் என்று நீங்கள் எழுதவில்லை. பகல் வெளிச்சத்தில் ஜன்னல் பக்கம் நிற்க வைத்துப் பாருங்கள். நம்மில் பலருக்குக் கறுப்பு என்று நினைத்துக்கொண்டிருப்பது அப்போது கரும்பழுப்பாகத் தெரியும். அப்படி இருந்தால் ‘பிரவுன்’ கட்டத்தில் டிக் அடிக்கச் சொல்லுங்கள். பாஸ்போர்ட் போட்டோவும் அவளும் ஒரே மாதிரி தெரிந்தால் போதும்.